ஒரே ஆட்டக்காரருக்கு இரண்டு கணக்கு வருவது ஏன்?

ஆல்டர்ஷாட் என்ற இங்கிலாந்து கால்பந்து கிளப்பில் 1991-92இல் ஆடியவருக்கு ஓரிடத்தில் 34 லீக் ஆட்டம், இன்னோரிடத்தில் 0, எதைப் போடுவது என்று கேட்டிருந்தீர்கள். இரண்டுமே தப்பில்லைங்க. அந்த கிளப் 1992 மார்ச் 25இல் மூடப்பட்டது. அதுவரை ஃபுட்பால் லீக்கின் நான்காம் டிவிஷனில் ஆடி முடித்திருந்த 36 ஆட்டங்களும் அட்டவணையிலிருந்து நீக்கப்பட்டன. 1962இல் அக்ரிங்டன் ஸ்டான்லி என்ற கிளப்புக்கும் இதே கதிதான், அங்கே 33 ஆட்டம். ஆடியது ஆடியதுதானே! 34 என்றே எழுதி, 'பின்னர் நீக்கப்பட்டவை' என்று அடிக்குறிப்பு போடுங்கள். ஆனால் மொத்த லீக் கணக்கில் கூட்டாதீர்கள்.

பெரிய பொறி அடைப்புக்குறிதான். '28 (6)' என்பதில் அந்த 6, விக்கிப்பீடியா தகவல் பெட்டியில் கோல். பழைய ஆண்டு மலர்கள் பலவற்றில் மாற்று ஆட்டக்காரராக இறங்கிய தடவை. '28+6' என்றிருந்தால் குழப்பமில்லை: தொடக்கத்திலிருந்து 28, மாற்றாக 6, மொத்தம் 34. உங்கள் 34 இப்படி வந்ததா என்று முதலில் பாருங்கள்.

பிளே-ஆஃப் (பருவ முடிவில் மேல் நிலைக்குப் போவது யார் என்று தீர்மானிக்கும்) ஆட்டங்களை லீக்கில் சேர்க்கக் கூடாது. ஆட்டக்காரர் வேறு கிளப்புக்குத் தற்காலிகமாகக் கடனாகப் போன மாதத்து ஆட்டங்கள், கடன் வாங்கிய கிளப்பின் வரிசையில். ஐந்தாம் நிலையான கான்ஃபரன்ஸ் (2015 முதல் நேஷனல் லீக்) 'ஃபுட்பால் லீக்' ஆகாது. அதற்குத் தனி வரிசை.