முடக்குவாதம்: எலும்பை அரிப்பது எது, காப்பது எது?

முடக்குவாதத்தால் (ருமட்டாய்டு ஆர்த்ரைட்டிஸ்) எலும்புக்கு வரும் பாதிப்பு பற்றி வாசகர்கள் அனுப்பிய கேள்விகளும் பதில்களும்.

கேள்வி: மூன்று வருடமாக முடக்குவாதம் இருக்கிறது. ஒருநாள் விடாமல் கால்சியம் மாத்திரை சாப்பிடுகிறேன். ஆனாலும் கை எக்ஸ்ரே ரிப்போர்ட்டில் 'எரோஷன்' என்று வந்துவிட்டது. டோஸ் போதவில்லையா?

பதில்: டோஸ் பிரச்சினை இல்லை. முடக்குவாதத்தில் மூட்டோரத்து எலும்பு அரிபடுவதற்குக் கால்சியம் குறைவு காரணமே அல்ல. மூட்டின் உட்புறத்தைப் போர்த்தியிருக்கும் சவ்வு, அழற்சியால் தடித்து எலும்பின் மேல் படர்கிறது. குருத்தெலும்பு முடிகிற இடத்துக்கும் சவ்வு ஒட்டியிருக்கும் இடத்துக்கும் நடுவே, எந்த மூடலும் இல்லாத ஒரு குறுகிய எலும்புப் பட்டை உண்டு. முதல் அரிப்பு அங்கேதான் தொடங்குகிறது. தடித்த சவ்வில் சுரக்கும் டி.என்.எஃப்., இன்டர்லூக்கின்-6 போன்ற அழற்சிப் புரதங்கள் 'ராங்க்-எல்' என்ற புரதத்தைக் கூட்டுகின்றன. அந்தப் புரதம், எலும்பைக் கரைக்கும் ஆஸ்டியோகிளாஸ்ட் செல்களை உருவாக்கி முடுக்கிவிடுகிறது. எலும்பு கரைவதும் மறுபடி கட்டப்படுவதும் எல்லோர் உடம்பிலும் நடப்பதுதான். முடக்குவாத மூட்டில் கரைப்பு கூடுவதோடு, கட்டும் செல்களும் அதே அழற்சியால் அடங்கிப்போகின்றன. கொத்தனாரைத் துரத்திவிட்டுச் செங்கல்லை மட்டும் இறக்கிக்கொண்டிருந்தால் சுவர் எழாது. கால்சியம் அந்தச் செங்கல்தான்.

அதற்காகக் கால்சியத்தை நிறுத்திவிடாதீர்கள். இந்த நோயில் எலும்பு மூன்று விதமாகக் கெடுகிறது. உங்கள் ரிப்போர்ட்டில் இருக்கும் ஓர அரிமானம் ஒன்று. மூட்டை ஒட்டிய எலும்பு மட்டும் அடர்த்தி குறைந்து எக்ஸ்ரேயில் மங்கலாகத் தெரிவது இன்னொன்று. முதுகெலும்பு, இடுப்பு என்று உடம்பு முழுவதும் எலும்பு மெலியும் ஆஸ்டியோபோரோசிஸ் மூன்றாவது. முதல் இரண்டுக்கும் மருந்து அழற்சியை அடக்குவதுதான். கால்சியமும் வைட்டமின் டி-யும் உதவுவது மூன்றாவதில். உணவும் மாத்திரையும் சேர்த்து நாளுக்கு 1000 முதல் 1200 மி.கி. கால்சியம் போதும். ஒரே வேளையில் 500 மி.கி.-க்கு மேல் எடுத்தால் உடம்பு முழுவதையும் உறிஞ்சாது. கார்பனேட் வகை என்றால் சாப்பாட்டோடு, சிட்ரேட் வகை என்றால் எப்போது வேண்டுமானாலும்.

கேள்வி: வலி மாத்திரை போட்டால் நன்றாகவே இருக்கிறேன். டாக்டரோ மெத்தோட்ரெக்சேட் போட்டே ஆகவேண்டும் என்கிறார். வலியே இல்லாதபோது எதற்கு?

பதில்: டாக்டர் சொல்வதுதான் சரி. டைக்ளோஃபெனாக், நேப்ராக்சன் போன்றவை வலியையும் விறைப்பையும் குறைக்கும். அரிமானத்தை நிறுத்தாது. அதற்கு அழற்சியையே அடக்கும் மெத்தோட்ரெக்சேட் போன்ற அடிப்படை மருந்து வேண்டும். வலி இல்லாமலேயே எலும்பு கரைந்துகொண்டிருக்க முடியும். கரைந்தது பெரும்பாலும் திரும்பி வராது. அரிமானம் பலருக்கு நோய் தொடங்கிய முதல் இரண்டு ஆண்டுகளுக்குள்ளேயே வந்துவிடுகிறது என்பதால், 'கொஞ்ச நாள் பார்க்கலாம்' என்று தள்ளிப்போடும் மாதங்கள்தான் விலை உயர்ந்தவை. ஆன்ட்டி-சி.சி.பி. என்ற ரத்தப் பரிசோதனை பாசிட்டிவாக இருப்பவர்களும் புகைபிடிப்பவர்களும் இன்னும் கவனமாக இருக்க வேண்டும்.

மெத்தோட்ரெக்சேட்டை எடுக்கும் முறையில்தான் ஆபத்தான தவறு நடக்கிறது. இது வாரத்துக்கு ஒரே ஒரு நாள் எடுக்கும் மருந்து. வழக்கமாக 7.5 முதல் 15 மி.கி.-யில் தொடங்கி, தேவைப்பட்டால் 25 மி.கி. வரை போவார்கள். தினசரி மருந்து என்று நினைத்து எடுத்துவிட்டால் வாய்ப்புண்ணில் ஆரம்பித்து, எலும்பு மஜ்ஜை ரத்த அணு தயாரிப்பையே நிறுத்திவிடும். உயிருக்கே ஆபத்து. எந்தக் கிழமை என்று மாத்திரை அட்டையின் மேலேயே எழுதி வையுங்கள். 2.5 மி.கி., 10 மி.கி. என வெவ்வேறு அளவில் மாத்திரை கிடைப்பதால், ஒவ்வொரு முறை வாங்கும்போதும் அட்டையில் உள்ள எண்ணைப் பாருங்கள். கூடவே ஃபோலிக் ஆசிட் தருவார்கள். பலர் வாரம் 5 மி.கி. என்று, மெத்தோட்ரெக்சேட் போடாத ஒரு நாளில் எழுதுகிறார்கள். அதை விட்டுவிட்டால் குமட்டலும் வாய்ப்புண்ணும் கூடும்.

ரத்த அணுக்கள், கல்லீரல், சிறுநீரகப் பரிசோதனைகள் முதல் சில மாதங்களில் இரண்டு முதல் நான்கு வாரத்துக்கு ஒருமுறையும், பிறகு இரண்டு மூன்று மாதத்துக்கு ஒருமுறையும் தேவை. சிறுநீர்த் தொற்று, சளி என்று வேறு டாக்டரிடம் போகும்போது இந்த மருந்து எடுப்பதைக் கட்டாயம் சொல்லுங்கள். கோ-ட்ரைமாக்சசோல் என்ற ஆன்டிபயாடிக் இதோடு சேர்ந்தால் மஜ்ஜையைக் கடுமையாகப் பாதிக்கும். குழந்தை பெறத் திட்டமிருந்தால் அதற்குச் சில மாதங்கள் முன்பே டாக்டரிடம் பேசி மருந்தை மாற்றிக்கொள்ள வேண்டும்.

பலன் தெரிய 6 முதல் 12 வாரம் ஆகும். நான்காவது வாரத்தில் 'இது வேலை செய்யவில்லை' என்று நிறுத்துவது சர்வசாதாரணமாக நடக்கிறது. மூன்று மாதத்தில் தெளிவான முன்னேற்றம், ஆறு மாதத்தில் நோய் அடங்கிய நிலை. இந்தக் கணக்கு தப்பினால் மருந்தைக் கூட்டவோ, டி.என்.எஃப்.-ஐத் தடுக்கும் ஊசி போன்ற அடுத்த கட்ட மருந்துக்கு மாறவோ வேண்டும். அந்த ஊசிகளுக்கு முன் காசநோய்ப் பரிசோதனை கட்டாயம். உள்ளே உறங்கிக் கிடக்கும் காசநோய் விழித்துக்கொள்ளக்கூடும்.

கேள்வி: ஸ்டீராய்டு எலும்பைக் கெடுக்கும் என்கிறார்கள். எலும்பு அரிப்பைக் குறைக்கும் என்றும் படித்தேன். எது உண்மை?

பதில்: இரண்டும். 1995-இல் வெளியான ஓர் ஆய்வில், ஆரம்ப நிலை முடக்குவாதக்காரர்களுக்கு நாளுக்கு 7.5 மி.கி. பிரெட்னிசலோன் என்ற ஸ்டீராய்டை இரண்டு ஆண்டுகள் கொடுத்தபோது மூட்டு அரிமானம் குறைந்தது. அழற்சி அடங்குவதால் மூட்டோரம் தப்பிக்கிறது. ஆனால் அதே மாத்திரை எலும்பு கட்டும் செல்களை அடக்குவதால், முதுகெலும்பும் இடுப்பும் மெலிகின்றன. இந்த இழப்பு முதல் மூன்று முதல் ஆறு மாதங்களில்தான் மிக வேகம். எனவே மெத்தோட்ரெக்சேட் வேலை செய்யத் தொடங்கும்வரை பாலமாகக் குறைந்த அளவில், குறுகிய காலத்துக்கு என்பதே ஸ்டீராய்டுக்கு உரிய இடம். ஆண்டுக்கணக்கில் 5 மி.கி.-யிலேயே ஓட்டிக்கொண்டிருப்பவர்கள், அடிப்படை மருந்து போதவில்லை என்று புரிந்துகொள்ள வேண்டும்.

நாளுக்கு 2.5 மி.கி. அல்லது அதற்கு மேல், மூன்று மாதத்துக்கு மேல் எடுப்பவர்கள் எலும்பு முறியும் அபாயத்தைக் கணித்துக்கொள்ள வேண்டும். எலும்பு அடர்த்தியை அளக்கும் டெக்சா ஸ்கேனில் டி-ஸ்கோர் மைனஸ் 2.5 அல்லது அதற்குக் கீழ் என்றால் ஆஸ்டியோபோரோசிஸ். ஆனால் அந்த எண்ணை மட்டும் நம்ப வேண்டாம். ஸ்டீராய்டு எடுப்பவர்களுக்கு டி-ஸ்கோர் அவ்வளவு மோசமாக இல்லாதபோதும் எலும்பு முறிவதுண்டு. வயதானவர்களுக்கு முதுகெலும்பில் தேய்மான முட்கள் வளர்ந்திருந்தால் ஸ்கோர் பொய்யாக நன்றாகத் தெரியும். அப்போது இடுப்பின் டி-ஸ்கோரைத்தான் பார்க்க வேண்டும். எலும்பு முறியும் அபாயத்தைச் சொல்லும் ஃப்ராக்ஸ் என்ற கணிப்பானில் முடக்குவாதத்துக்கென்றே தனிக் கட்டம் இருக்கிறது. அதில் 'ஆம்' என்று குறிக்காமல் விட்டால் விடை குறைவாக வரும்.

பயந்துபோய் ஸ்டீராய்டைத் திடீரென்று நிறுத்துவது மட்டும் கூடவே கூடாது. ஸ்டீராய்டு எடுக்கும்போது ஓய்ந்துபோன அட்ரீனல் சுரப்பி தன் வேலையைத் திரும்ப எடுத்துக்கொள்ள அவகாசம் தேவை. டாக்டர் சொல்படி படிப்படியாகத்தான் குறைக்க வேண்டும்.

கேள்வி: எலும்பு மெலிவுக்காக வாரம் ஒருமுறை அலெண்ட்ரோனேட் 70 மி.கி. எடுக்கிறேன். நெஞ்செரிச்சல் தாங்கவில்லை.

பதில்: எடுக்கும் விதத்தை முதலில் சரிபாருங்கள். காலையில் வெறும் வயிற்றில், ஒரு முழு டம்ளர் வெறும் தண்ணீரில் விழுங்க வேண்டும். காபி, டீ, பால், கால்சியம் மாத்திரை எதுவும் அதோடு கூடாது. சேர்த்தால் மருந்து உள்ளே ஏறவே ஏறாது. அதன்பின் குறைந்தது 30 நிமிடம் படுக்காமல், சாப்பிடாமல் நிமிர்ந்து இருக்க வேண்டும். மாத்திரை உணவுக்குழாயில் தங்கினால் புண்ணாகிவிடும். இவ்வளவும் சரியாகச் செய்தும் எரிந்தாலோ, விழுங்கும்போது வலித்தாலோ மாத்திரையை நிறுத்திவிட்டு டாக்டரிடம் சொல்லுங்கள். ஆண்டுக்கு ஒருமுறை நரம்பில் ஏற்றும் சோலெட்ரோனிக் ஆசிட் 5 மி.கி. ஒரு மாற்று.

ஆறு மாதத்துக்கு ஒருமுறை தோலடியில் போடும் டெனோசுமாப் 60 மி.கி. இன்னொன்று. முதல் பதிலில் சொன்ன ராங்க்-எல் புரதத்தையே இது கட்டிப்போடுவதால் அரிமானமும் குறைகிறது. ஆனால் அழற்சி குறையாது, குருத்தெலும்பும் தப்பாது. அதனால் மெத்தோட்ரெக்சேட்டுக்குப் பதிலாக இதை வைக்க முடியாது. ஊசித் தேதியைத் தள்ளிப்போடுவதும், மாற்று மருந்து இல்லாமல் நிறுத்துவதும் பெரிய தவறு. அடக்கி வைத்த கரைப்பு ஒரேயடியாகத் திரும்பி, முதுகெலும்புகள் ஒன்றுக்கு மேல் நொறுங்கலாம். இந்த மூன்று மருந்துக்கும் பொதுவாக இரண்டு விஷயங்கள். தொடங்குமுன் பல் பிடுங்கும் வேலை இருந்தால் முடித்துக்கொள்ளுங்கள். தொடையில் காரணமில்லாத வலி வந்தால் எக்ஸ்ரே எடுங்கள்.

கேள்வி: கை எக்ஸ்ரே நார்மல். கால் எக்ஸ்ரேயும் ஏன் கேட்கிறார்கள்?

பதில்: முதல் அரிமானம் பெரும்பாலும் பாதத்தில், சுண்டுவிரல் அடிமூட்டில்தான் தெரியும். நோயின் வீரியத்தை அளக்கும் டாஸ்-28 கணக்கில் எண்ணப்படும் 28 மூட்டுகளில் பாதம் இல்லவே இல்லை! ஸ்கோர் 2.6-க்குக் கீழே, நோய் அடங்கிவிட்டது என்று எழுதப்பட்டிருக்கும்; பாத எலும்பு சத்தமில்லாமல் அரிபட்டுக்கொண்டிருக்கும். காலையில் முதல் அடி வைக்கும்போது பாதத்தின் முன்பகுதி வலித்தால், யாரும் கேட்காவிட்டாலும் நீங்களே காலைக் காட்டுங்கள். எக்ஸ்ரேயில் தெரியாத அரிமானம் அல்ட்ராசவுண்டிலும் எம்.ஆர்.ஐ.-யிலும் முன்கூட்டியே தெரியும்.

கேள்வி: அரித்துப்போன எலும்பு மறுபடி வளருமா?

பதில்: நோய் நன்றாக அடங்கினால் பள்ளத்தின் விளிம்பு கெட்டிப்பட்டு, சிலருக்குக் கொஞ்சம் நிரம்பும். முழுதாக நிரம்புவது அபூர்வம். விரல் கோணுவது வேறு கணக்கு. அதில் எலும்பைவிடத் தசைநாரும் இணைப்புநாரும் தளர்வதே பெரும்பங்கு. அதை மருந்து நிமிர்த்தாது. ஸ்ப்ளின்ட் (விரலைத் தாங்கும் பட்டை), கைப்பயிற்சி, தேவைப்பட்டால் அறுவை சிகிச்சை.

கேள்வி: அம்மாவுக்கு இருபது வருட முடக்குவாதம். இடுப்பு மாற்று அறுவை சிகிச்சைக்கு முன் கழுத்துக்கு எக்ஸ்ரே எடுக்கச் சொல்கிறார்கள். கழுத்துக்கும் இடுப்புக்கும் என்ன சம்பந்தம்?

பதில்: மயக்க மருந்துதான் சம்பந்தம். கழுத்தின் முதல் இரண்டு எலும்புகளுக்கு இடையிலும், அழற்சியால் தடிக்கும் அதே மூட்டுச் சவ்வு இருக்கிறது. அங்கே இணைப்புநார் தளர்ந்து எலும்பு அரித்திருந்தால், குனியும்போது முதல் எலும்பு முன்னால் நழுவி தண்டுவடத்தை நெருக்கும். மூச்சுக்குழாயில் குழாய் செருகக் கழுத்தை வளைக்கும்போது அது விபரீதமாகலாம். எக்ஸ்ரேயைக் கழுத்தை நேராக வைத்து மட்டும் எடுத்தால் நழுவல் தெரியாமல் போகும். தாமாகவே குனிந்து ஒன்று, நிமிர்ந்து ஒன்று எடுக்க வேண்டும். பெரியவர்களுக்கு அந்த இரு எலும்புகளின் முன் இடைவெளி 3 மி.மீ.-ஐத் தாண்டினால் நழுவல் என்று பொருள்.

பிடரி வலி தலைக்கு ஏறுவது, குனிந்தால் முதுகில் மின்சாரம் பாய்வதுபோல் இருப்பது, கை மரத்துப்போவது, நடை தடுமாறுவது, இவற்றில் ஏதாவது அம்மாவுக்கு இருந்தால் அறுவை சிகிச்சைத் தேதிவரை காத்திருக்காமல் உடனே சொல்லுங்கள். கழுத்தைப் பிடித்துவிடவும் சொடுக்கெடுக்கவும் யாரையும் விடாதீர்கள். ஒன்றும் இல்லாவிட்டாலும், மயக்க மருந்து நிபுணர் பார்க்க வரும்போது 'இருபது வருட முடக்குவாதம்' என்பதை முதல் வாக்கியமாகச் சொல்லி, கழுத்து எக்ஸ்ரேயை அவர் கையில் கொடுங்கள்.