ஏழாம் நாள் திரும்பி வந்து பாக்கறவர்

அன்புள்ள அண்ணா,

உங்க எழுத்த ரொம்ப நாளா வாசிக்கிறேன், எழுதறது இதான் முதல் தடவை. எங்க சபையில பைபிள் ஸ்டடி நடந்தப்போ நான் 1 பேதுரு 2:9 எடுத்துக் காட்டி, நாம எல்லாருமே ஆசாரியர்தானே, நமக்கும் கடவுளுக்கும் நடுவுல இன்னொரு ஆள் எதுக்குன்னு கேட்டேன். போதகருக்குக் கோவம் வந்துடுச்சு, அபிஷேகம் பண்ணப்பட்டவங்கள தொடாதேன்னு எல்லார் முன்னாடியும் சொல்லிட்டார். அன்னையிலேர்ந்து நான் சபைக்குப் போறதில்ல, வீட்லயே ஜெபம் பண்ணிக்கிறேன். அப்பா ஆறு மாசமா படுக்கையில இருக்கார், அண்ணன் வீட்ல. அண்ணனுக்கும் எனக்கும் பேச்சு வார்த்தை கிடையாது, அதனால போய்ப் பாக்க முடியல, ஆனா தினமும் அவருக்காக ஜெபிக்கிறேன். பைபிள்படி ஆசாரியத்துவம்னா உண்மையில என்ன? மெல்கிசேதேக்கு யாரு, இயேசுவேதான் அப்படி வந்தாரா? பிரதான ஆசாரியர் மகா பரிசுத்த ஸ்தலத்துக்குள்ள போறப்போ உள்ளயே செத்துட்டா இழுக்கறதுக்குக் கால்ல கயிறு கட்டி விடுவாங்கன்னு பிரசங்கத்துல சொல்றாங்களே, அது எந்த அதிகாரத்துல இருக்கு?

(பெயர் வேண்டாம்)

அன்புள்ள தம்பி,

உங்க கடிதம் வந்து மூணு வாரம் ஆச்சு. இந்த மாதிரி உபதேசக் கேள்விக்கெல்லாம் நான் பொதுவா பதில் எழுதறதில்ல, அதுக்குன்னு ஆளுங்க நிறைய இருக்காங்க, ஒரு வசனத்துக்கு பதிமூணு வசனம் எடுத்து வீசுவாங்க. ஆனா பாருங்க, கொஞ்ச நாளா நான் லேவியராகமம் 13, 14 ரெண்டு அதிகாரத்தையும் விடாம திரும்பத் திரும்ப வாசிச்சிட்டு இருக்கேன், பைபிள ஒரு வருஷத்துல முடிக்கணும்னு கிளம்பறவங்க எல்லாரும் படுத்துடற இடம் அது, சரியா அந்த நேரத்துல உங்க கடிதம் வருது. அதுல நீங்க கேள்வியாவே கேக்காம போற போக்குல எழுதிட்டுப் போன ஒரு வரி இருக்கு. அதுக்கு அப்புறம் வரேன்.

முதல்ல கயிறு. பைபிள்ல எங்கயும் இல்ல. யாத்திராகமம் 28ல முதல் பிரதான ஆசாரியரான ஆரோனோட அங்கி ஓரத்துல பொன்மணி ஒண்ணு மாதளம்பழம் ஒண்ணுன்னு மாத்தி மாத்தி வைக்கச் சொல்லியிருக்கு, அவர் உள்ள போறப்பவும் வரப்பவும் சத்தம் கேக்கணும், அவர் சாகாம இருக்கணும்னு இருக்கு. அத வச்சு யாரோ பின்னாடி கயிறு திரிச்சுட்டாங்க. இன்னொரு கூத்து என்னன்னா, வருஷத்துக்கு ஒரு நாள் மகா பரிசுத்த ஸ்தலத்துக்குள்ள போற அந்த நாள்ல மணி வச்ச அங்கியையே அவர் போட்டுக்கறதில்ல, லேவியராகமம் 16:4 பாருங்க, வெறும் சணல்நூல் துணிதான். மணியே இல்லாதப்போ சத்தம் நின்னுச்சா இல்லையான்னு எத வச்சு கயித்த இழுப்பாங்க? பிரசங்கம் பண்றவங்க யாரும் இத யோசிக்கறதில்ல.

மெல்கிசேதேக்க விட்டுடுங்க. சாலேம் ராஜா, ஆசாரியரும் கூட, ஆதியாகமம் 14ல ஆபிராம் முன்னாடி அப்பமும் திராட்சரசமும் எடுத்துட்டு வந்து மூணு வசனத்துல போயிடறார், அவர புடிச்சுக்கிட்டு முப்பது வருஷம் சண்டை போட்டவங்கள எனக்குத் தெரியும். எபிரெயர் 7ல தேவகுமாரனுக்கு "ஒப்பானவன்"னு எழுதியிருக்கு, ஒருத்தர அவரப் போலன்னு சொன்னா அவரே இல்லன்னுதானே அர்த்தம். போதும்.

உங்க போதகர் சொன்னதுக்கும் ஒரு வார்த்த. நான் அபிஷேகம் பண்ணினவங்களத் தொடாதீங்கங்கறது சங்கீதம் 105ல வருது, ஆனா அதுக்கு முன்னாடி ஆறு வசனம் வாசிச்சா போதும், அது ஆபிரகாம் ஈசாக்கு யாக்கோபப் பத்தினது. சொந்த நிலம் இல்லாம, கொஞ்சம் பேரா, கூடாரத்தத் தூக்கிக்கிட்டு தேசம் தேசமா அலைஞ்ச குடும்பம், அவங்க மேல கை வைக்காதீங்கன்னு ராஜாக்களப் பாத்து சொன்ன வார்த்த. கேள்வி கேட்ட ஒரு பையன் வாய அடைக்கறதுக்கு சொன்னது இல்ல. அவர் பண்ணது தப்பு.

இப்போ நீங்க பண்ணதுக்கு வரேன், கோவிச்சுக்காதீங்க.

பேதுரு எழுதின "ராஜரீகமான ஆசாரியக்கூட்டம்"ங்கறது அவர் புதுசா கண்டுபுடிச்சது இல்ல. யாத்திராகமம் 19:6ல சீனாய் மலையடியில மொத்த ஜனத்தையும் பாத்து "ஆசாரிய ராஜ்யம்"னு கடவுள் சொல்றார், ஆரோனுக்கு அங்கி தைக்கச் சொல்றதுக்கு ஒம்பது அதிகாரம் முன்னாடியே. புதிய ஏற்பாட்டுல எந்த சபைத் தலைவரையும் ஹியரியூஸ், அதாவது பலி செலுத்தற ஆசாரியன்னு ஒரு இடத்துலயும் கூப்பிடலங்கறதும் நெஜம். மூப்பர், கண்காணி, உதவிக்காரர் இப்படித்தான் இருக்கு. இங்கிலீஷ்ல ப்ரீஸ்ட்ங்கற சொல்லே மூப்பரக் குறிக்கற பிரஸ்பிட்டரோஸ்ங்கற கிரேக்க சொல்லுலேர்ந்துதான் வந்துச்சு. 1520ல சபைச் சீர்திருத்தம் பண்ண மார்ட்டின் லூத்தர் இதத்தான் சத்தம் போட்டு சொன்னார். கத்தோலிக்கரும் ஞானஸ்நானம் வாங்கின எல்லாருக்கும் பொதுக் குருத்துவம், அதாவது ஆசாரியத்துவம் உண்டுன்னுதான் சொல்றாங்க, ஆனா பாதிரியாரோட பணிக் குருத்துவம் அளவுல மட்டும் இல்ல தன்மையிலயே வேறன்னு ரெண்டாம் வத்திக்கான் சங்கம் 1964ல எழுதி வச்சுது. ஐநூறு வருஷ வழக்கு இது, நான் இங்க உக்காந்து தீர்ப்பு சொல்லப் போறதில்ல.

ஆனா உங்க வாதத்த உங்களுக்கு முன்னாடியே ஒருத்தன் சொன்னான், தெரியுமா? கோராகு. எண்ணாகமம் 16. சபையில எல்லாருமே பரிசுத்தவான்கள்தானே, நீங்க ஏன் உங்கள உயர்த்திக்கிறீங்கன்னு 250 பேரக் கூட்டிக்கிட்டு மோசே முன்னாடி வந்து நின்னான். வார்த்தைக்கு வார்த்த சரி. சீனாயில கடவுள் சொன்னதத்தான் அவனும் சொன்னான். ஆனா அவனுக்கு வேண்டியது ஆரோனோட ஆசாரியப் பதவி. அவன் கதை முடிஞ்ச மறுநாளே ஜனங்க மறுபடி மோசே ஆரோன் மேல பாய்றாங்க, வாதை ஆரம்பிக்குது, ஜனங்க சாகறாங்க, அப்போ ஆரோன் தூபகலசத்துல நெருப்பப் போட்டுக்கிட்டு கூட்டத்துக்கு நடுவுல ஓடறார். பார்வோன் முன்னாடி பேசினப்பவே அவருக்கு 83 வயசு, இது அதுக்கும் அப்புறம், அந்தக் கிழவர் ஓடறார், தன்னத் திட்டிக்கிட்டு இருந்த ஜனத்துக்குள்ளயே ஓடறார். ஓடிப் போய் "செத்தவர்களுக்கும் உயிரோடிருக்கிறவர்களுக்கும் நடுவே நின்றான்"னு இருக்கு. அன்னைக்கு செத்தது 14,700 பேர், அவர் நின்ன இடத்துல வாதை நின்னுச்சு. நடுவுல ஒரு ஆள் எதுக்குன்னு கேட்டீங்களே, நடுவுன்னா அந்த இடம். நாத்தம் அடிக்கற இடம். அங்க நிக்கறதுக்கு யாரும் போட்டி போடல.

சரி, லேவியராகமம் 13. தோல்ல ஒரு தடிப்பு, ஒரு வெள்ளப் படை வந்தா அவன ஆசாரியன் கிட்ட கூட்டிட்டு வரணும். (அது இன்னைக்கு நாம சொல்ற தொழுநோய் மட்டும் இல்ல, அந்த ரெண்டு அதிகாரத்துல அது துணிக்கும் வருது வீட்டுச் சுவருக்கும் வருது.) ஆசாரியன் வைத்தியம் எதுவும் பண்றதில்ல, மருந்து கிடையாது, அந்த எடத்துல ஜெபம் பண்ணுன்னு கூட எழுதல. அவன் வேலை பாக்கறது. ரோமம் வெளுத்திருக்கா பாக்கணும், தோலவிடப் பள்ளமா இருக்கா பாக்கணும், தெரியலன்னா ஏழு நாள் தனியா வச்சு ஏழாம் நாள் வந்து மறுபடி பாக்கணும், பரவியிருக்கா பரவலையா, இன்னும் தெரியலன்னா இன்னொரு ஏழு நாள், மறுபடி பாக்கணும். 59 வசனம் முழுக்க பாக்கணும் பாக்கணும் பாக்கணும்னுதான் இருக்கு. ஏபோத்துங்கற மேலாடை, மார்ப்பதக்கம், பன்னெண்டு கல்லுன்னு நாம ஆசாரியன படம் போட்டு வச்சிருக்கோம், ஆனா அவன் வேலை நாள்ல பாதி இதுல போயிருக்கும்னு எனக்குத் தோணுது, அடுத்தவன் தோல வெளிச்சத்துல திருப்பித் திருப்பிப் பாக்கறதுல.

இது எனக்கு எப்படிப் புரிஞ்சுதுன்னு சொல்லணும். எனக்கு 19 வயசு இருக்கறப்போ எங்க பெரியம்மா படுத்த படுக்கையா இருந்தாங்க. இடது குதிகால்ல படுக்கைப்புண். முதல் வாரம் சபையிலேர்ந்து நிறைய பேர் வந்தாங்க, வாசல்படி தாண்டாம நின்னு சத்தமா ஜெபம் பண்ணாங்க, கைக்குட்டைய மூக்குல வச்சுக்கிட்டே ஆமென் சொன்னாங்க. அப்புறம் ஒரு வயசான போதகர் வந்தார், ரிட்டயர் ஆனவர், கண்ணுல புரை. வந்து உக்காந்தவர் பைபிள எடுக்கல, "கால காட்டுங்கம்மா, பாக்கணும்"னார். ரூம் இருட்டு, என்கிட்ட டார்ச்ச குடுத்தாங்க. கட்ட அவிழ்த்ததும் நான் முகத்த திருப்பிக்கிட்டேன், டார்ச் வெளிச்சம் போய் சுவத்துல அடிச்சுது. அவர் திட்டல. என் மணிக்கட்ட புடிச்சு வெளிச்சத்த கால் பக்கம் திருப்பி, "இங்க காட்டு தம்பி"ன்னார். கண்ணாடிய நெத்திக்கு ஏத்திட்டு, குனிஞ்சு, மூக்கு படற தூரத்துல ரொம்ப நேரம் பாத்தார். "ஓரம் செவப்பா இருக்கு, நடுவுல வெளுத்திருக்கு"ன்னு பெரியம்மா கிட்டயே சொன்னார், பெரியம்மாவுக்கே அவங்க புண்ணு எப்படி இருக்குன்னு அதுவரைக்கும் யாரும் சொன்னதில்ல. இவர் என்ன டாக்டரான்னு எனக்கு எரிச்சல்.

சரியா ஏழு நாள் கழிச்சு மறுபடி வந்தார். அந்த வாரம் வேற யாரும் வரல. மறுபடி டார்ச், மறுபடி குனிஞ்சு பாத்து, "போன வாரத்துக்கு இது பரவல"ன்னார். பெரியம்மா சிரிச்சாங்க. புண் ஆறலப்பா, அத சொல்லிடறேன், நீங்க அற்புத சாட்சி எதிர்பாக்காதீங்க. அஞ்சு மாசத்துல போயிட்டாங்க, புண்ணோடயே போனாங்க. பல வருஷம் கழிச்சு லேவியராகமத்துல "ஏழாம் நாளில்"ங்கற இடத்துக்கு வந்தப்போதான் எனக்குத் தூக்கிவாரிப் போட்டுது. அந்த மனுஷன் எங்க வீட்ல பண்ணது அதுதான்.

ஆசாரியன் தீட்டுன்னு சொல்லி ஆள வெளிய அனுப்பவும் செஞ்சான், அத மறைக்க மாட்டேன், தனியா பாளயத்துக்கு, அதாவது ஜனங்க கூடாரம் போட்டிருந்த இடத்துக்குப் புறம்பே குடியிருக்கணும்னு அங்கதான் இருக்கு, வாசிக்கக் கஷ்டமாத்தான் இருக்கு. ஆனா அடுத்த அதிகாரம் மூணாவது வசனம் பாருங்க. அவனுக்கு சொஸ்தமாச்சான்னு பாக்க ஆசாரியன் பாளயத்துக்கு வெளிய போகணும். வெளிய அனுப்பினவனே நடந்து போகணும். போய் பாத்து, உள்ள சேத்துக்கற சடங்குல, எட்டாம் நாள், ஆட்டுக்குட்டி ரத்தத்த எடுத்து அவனோட வலது காது மடல்ல, வலது கை பெருவிரல்ல, வலது கால் பெருவிரல்ல பூசறான். இதே மூணு எடம், காது கை கால், இதுக்கு முன்னாடி லேவியராகமம் 8ல வருது. அங்க யாருக்குப் பூசறாங்க தெரியுமா? ஆரோனுக்கும் அவர் பிள்ளைங்களுக்கும், ஆசாரியரா ஏற்படுத்தற அன்னைக்கு. பலி வேற, அது வேற ஆட்டுக்கடா, ஆனா இடம் அதே மூணு. ஊருக்கு வெளிய துணியக் கிழிச்சுக்கிட்டு தீட்டு தீட்டுன்னு கத்திட்டு இருந்தவனும் பிரதான ஆசாரியனும் ஒரே அடையாளத்தோட நிக்கறாங்க. நான் இந்த இடத்துல ரெண்டு மாசமா நிக்கறேன், நகர முடியல. எல்லாரும் ஆசாரியர்னு உங்களுக்கு வசனம் வேணும்னா பேதுருவ விட இத எடுங்க, ஆனா இத எடுத்தா யாரையும் ஜெயிக்க முடியாது.

இப்போ அந்த ஒரு வரி. அப்பா ஆறு மாசமா படுக்கையில, தினமும் ஜெபிக்கிறேன். தம்பி, அண்ணன் கூட பேச்சு இல்லன்னா அண்ணன் கிட்ட பேசாதீங்க, யாரு வேணாங்கறா. கதவத் திறப்பாங்க, நேரா அப்பா ரூமுக்குப் போங்க. நல்ல சமாரியன் கதையில வர ஆசாரியனும் அடிபட்டவன பாக்காமப் போகல, "அவனைக் கண்டு, பக்கமாய் விலகிப்போனான்"னுதான் இருக்கு. கண்டான், கிட்டப் போகல. ஒருவேளை போற வழியெல்லாம் அவனுக்காக ஜெபிச்சுக்கிட்டே கூட போயிருப்பான், நமக்கென்ன தெரியும். எங்க பெரியம்மாவுக்காக நானும் தினமும் ஜெபிச்சேன், சுவத்துக்கு டார்ச் அடிச்சுக்கிட்டு. உங்களத் திட்டறதுக்கு எனக்கு இருக்கற ஒரே யோக்கியத அதுதான்.

இந்த வாரமே போங்க. முதுகு, குதிகால், இடுப்பெலும்பு பக்கம், இங்கெல்லாம்தான் படுத்தே இருக்கறவங்களுக்குப் புண் வரும், செவந்திருந்தா உடனே நர்ஸுகிட்டயோ டாக்டர்கிட்டயோ காட்டச் சொல்லுங்க. பாத்தத அப்பா கிட்டயே சொல்லுங்க. அப்புறம் ஏழு நாள் கழிச்சு மறுபடி போங்க, முதல் தடவ யார் வேணா போவாங்க.

ரெண்டாவது தடவயும் போயிட்டு வந்து எழுதுங்க, மெல்கிசேதேக்கப் பத்தி விலாவாரியா பேசலாம். அதுவரைக்கும் அவர் காத்திருப்பார், நாட்களின் துவக்கமும் ஜீவனின் முடிவும் இல்லாதவர்னுதானே எபிரெயர்ல போட்டிருக்கு.