ஒர்க்ஸ் கமிட்டி மினிட்ஸில் கையெழுத்துப் போட்டேன், இப்போது என்னைக் கருங்காலி என்கிறார்கள்

கேள்வி:

வக்கீல் அண்ணா, நான் கேரளத்தில் பாலக்காடு பக்கம் கஞ்சிக்கோட்டில் ஒரு இரும்பு ஃபவுண்டரியில் (வார்ப்பு ஆலையில்) மோல்டிங் பிரிவில் வேலை செய்கிறேன். வீடு வேலந்தாவளம் பக்கம். நிரந்தர ஆட்கள் 140 பேர், பாதிக்கு மேல் நம் தமிழ் ஆட்கள். போன வருடம் ஹெச்ஆர் மேனேஜர் தானே ஐந்து பேர் பெயரை எழுதி 'ஒர்க்ஸ் கமிட்டி' என்று போர்டில் ஒட்டினார். இரண்டு மொழியும் பேசுவேன் என்று என்னையும் சேர்த்துவிட்டார். முதலில் கேன்டீன், குடிதண்ணீர் என்று போனது. கடைசிக் கூட்டத்தில், ஒரு லைனில் ஆறு பேர் நின்ற இடத்தில் இனி நான்கு பேர், ஷிஃப்ட் ஒரு மணி நேரம் முன்னால், வாளையார் வழியாக வரும் கம்பெனி பஸ் நிறுத்தம் என்று சொல்லி, மலையாளத்தில் எழுதிய மினிட்ஸில் கையெழுத்து வாங்கினார்கள். எனக்கு மலையாளம் பேச வரும், படிக்கத் தட்டுத்தடுமாறித்தான் வரும். அடுத்த வாரமே எல்லாம் அமலுக்கு வந்துவிட்டது. யூனியன் கேட்டதற்கு, "உங்கள் ஆளே கையெழுத்துப் போட்டிருக்கிறார், இது செட்டில்மென்ட், அரசியல் சட்டமே சொல்லும் தொழிலாளர் பங்கேற்பு, நோட்டீஸ் எல்லாம் தேவையில்லை" என்கிறார் மேனேஜர். கூட வேலை பார்க்கிறவர்கள் என்னோடு டீ குடிக்கக்கூட வருவதில்லை. என் கையெழுத்து எல்லோரையும் கட்டுப்படுத்துமா? கமிட்டியில் இருந்து விலகிவிடலாமா? திங்கட்கிழமை எல்லோரும் சேர்ந்து லீவு போடப் பேச்சு நடக்கிறது, நானும் போடட்டுமா?

பதில்:

தம்பி, உங்கள் கையெழுத்து அந்த 140 பேரையும் கட்டுப்படுத்தாது. விலக வேண்டாம், இப்போதைக்கு. திங்கட்கிழமை லீவு வேண்டவே வேண்டாம். இனி காரணங்களைச் சொல்கிறேன், கொஞ்சம் நீளும்.

ஒர்க்ஸ் கமிட்டி புதிதாக வந்த சமாச்சாரம் இல்லை. 1947ஆம் வருடத்துத் தொழில் தகராறுகள் சட்டத்தின் 3ஆம் பிரிவிலேயே இருக்கிறது. நூறு பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடத்தில் அரசு உத்தரவிட்டால் நிர்வாகம் இந்தக் கமிட்டியை அமைக்க வேண்டும், தொழிலாளர் பிரதிநிதிகள் நிர்வாகப் பிரதிநிதிகளை விடக் குறையக் கூடாது, அவர்களைத் தொழிலாளர்களுக்குள்ளிருந்து, பதிவு பெற்ற யூனியன் இருந்தால் அதைக் கலந்துகொண்டு தேர்ந்தெடுக்க வேண்டும். ஹெச்ஆர் தன் பேனாவை எடுத்து எழுதிக்கொள்ளும் பட்டியல் இல்லை இது. 2025 நவம்பர் 21 முதல் பழைய சட்டத்தின் இடத்தில் தொழில் உறவுகள் சட்டத்தொகுப்பு, 2020 வந்துவிட்டது, அதிலும் 3ஆம் பிரிவுதான், அதே நூறு பேர் கணக்குதான். எந்த விதி, எந்தப் படிவம் என்பதை ஜில்லா லேபர் ஆபீசில் கேட்டுக்கொள்ளுங்கள். உங்கள் விஷயத்தில் பழையதும் புதியதும் ஏறக்குறைய ஒன்றையேதான் சொல்கின்றன, அதனால் அந்தக் குழப்பத்தில் தலையைக் கொடுக்க வேண்டாம்.

அந்தக் கமிட்டியின் வேலை என்ன? இரு தரப்புக்கும் நல்லுறவு இருக்கும்படி பார்ப்பது, பொதுவான விஷயங்களில் கருத்துச் சொல்வது, வேறுபாடு வந்தால் சமாதானத்துக்கு முயல்வது. கருத்துச் சொல்வது என்றுதான் சட்டம் எழுதியிருக்கிறதே தவிர ஒப்பந்தம் போடுவது என்று எழுதவில்லை. இது சுத்தமாகப் புரிய வேண்டும் என்றுதான் 1959, 60 வாக்கில் இந்தியத் தொழிலாளர் மாநாடு அமைத்த குழு இரண்டு பட்டியல் போட்டது. கமிட்டி பேசலாம் என்ற பட்டியலில் காற்றோட்டம், வெளிச்சம், குடிதண்ணீர், கேன்டீன், மருத்துவ வசதி, விபத்துத் தடுப்பு, பண்டிகை விடுமுறையை மாற்றி அமைப்பது போன்றவை. பேசக் கூடாது என்ற பட்டியலில் சம்பளம், போனஸ், வேலைப் பளு, ஒரு வேலைக்கு எத்தனை ஆள் என்று நிர்ணயிப்பது, ஆட்குறைப்பு, வீட்டு வசதி, போக்குவரத்து. உங்கள் முதல் கூட்டங்கள் முதல் பட்டியலில் ஒழுங்காக நடந்திருக்கின்றன. கடைசிக் கூட்டத்தில் ஆறு பேரை நான்காக்கியதும் பஸ்ஸை நிறுத்தியதும் அப்படியே இரண்டாவது பட்டியலில் போய் விழுகின்றன. அந்தப் பட்டியல் வழிகாட்டிதான், சட்டம் ஆகாது, ஆனால் லேபர் ஆபீசர் முன்னால் எடுத்து வைத்தால் மேனேஜர் பதில் சொல்லத் திணறுவார்.

இதைவிடப் பெரிய ஆயுதம் ஒரு தீர்ப்பு. நார்த் புரூக் சணல் கம்பெனி வழக்கு, உச்ச நீதிமன்றம், 1960. அங்கேயும் இதே கதைதான். வேலையைச் சீரமைக்கிறோம் என்று ஒரு திட்டம் போட்டார்கள், ஒர்க்ஸ் கமிட்டி சரி என்றது, யூனியன் முடியாது என்றது. தகராறு தீர்ப்பாயத்தில் இருக்கும்போதே கம்பெனி திட்டத்தை அமல்படுத்தியது, தொழிலாளர்கள் கூடுதல் வேலையைச் செய்ய மறுத்தார்கள். கமிட்டி ஒப்புக்கொண்டுவிட்டதே என்று கம்பெனி உச்ச நீதிமன்றம் வரை போனது. ஒர்க்ஸ் கமிட்டி யூனியனுக்கு மாற்று இல்லை, அது ஒப்புக்கொண்டதால் தொழிலாளர்களோ யூனியனோ கட்டுப்பட மாட்டார்கள் என்று சொல்லி அப்பீலைத் தள்ளிவிட்டார்கள். அறுபது வருடத்துக்கு மேலாகியும் மேனேஜர்கள் அதே வாதத்தைத் தூசி தட்டிக்கொண்டு வருகிறார்கள், என்ன செய்வது.

மேனேஜர் ஏன் 'செட்டில்மென்ட்' என்ற வார்த்தையைப் பிடித்துத் தொங்குகிறார் என்று யோசித்தீர்களா? அதில்தான் சூட்சுமம் இருக்கிறது. வேலை நிபந்தனைகளில் சிலவற்றை மாற்ற வேண்டுமானால் நிர்வாகம் முன்கூட்டி நோட்டீஸ் கொடுக்க வேண்டும், கொடுத்து 21 நாள் ஆகாமல் மாற்றக் கூடாது. பழைய சட்டத்தில் 9ஏ பிரிவு, புதியதில் 40ஆம் பிரிவு. எந்தெந்த மாற்றம் என்று சட்டத்தின் அட்டவணையிலேயே பட்டியல் உண்டு: நிலையாணைக்கு (கம்பெனியின் வேலை விதித் தொகுப்புக்கு) மாறாக ஷிஃப்டை மாற்றுவது, வழக்கமாகத் தந்துவந்த சலுகையைப் பறிப்பது, ஒரு பிரிவிலோ வேலையிலோ ஆள் எண்ணிக்கையைக் கூட்டுவது குறைப்பது. உங்கள் மூன்று மாற்றமும் அதில் அடங்கும் (ஷிஃப்டுக்கு மட்டும் உங்கள் கம்பெனியின் நிலையாணையை ஒரு தடவை படித்துப் பார்த்துவிட வேண்டும்). ஆனால் மாற்றம் ஒரு செட்டில்மென்ட் மூலம் வந்தால் இந்த நோட்டீஸ் தேவையில்லை என்று அதே பிரிவில் விலக்கும் இருக்கிறது. அதனால்தான் உங்கள் மினிட்ஸுக்கு அவர் செட்டில்மென்ட் என்று பெயர் சூட்டுகிறார்.

பெயர் வைத்தால் ஆகிவிடுமா? செட்டில்மென்ட் என்றால் நிர்வாகமும் தொழிலாளர் தரப்பும் உரிய முறையில் எழுதிக் கையெழுத்திட்ட ஒப்பந்தம். தொழிலாளர் தரப்பு என்றால் யூனியன் பொறுப்பாளர்கள், அல்லது தொழிலாளர்கள் கூட்டம் போட்டு அதற்கென்றே அதிகாரம் கொடுத்த ஆட்கள். அதன் பிரதி அரசு அதிகாரிக்கும் சமரச அதிகாரிக்கும் போக வேண்டும். உங்களுக்கு யாரும் அதிகாரம் கொடுக்கவில்லை, போர்டில் பெயர் ஒட்டினார்கள், அவ்வளவுதான். லேபர் ஆபீசுக்குப் பிரதி போனதா என்று யூனியன் எழுதிக் கேட்கட்டும். போயிருக்காது என்றுதான் என் ஊகம்.

மலையாளம் படிக்கத் தெரியாமல் போட்டேன் என்பதை முதல் வாதமாக வைக்காதீர்கள். படிக்காமல் கையெழுத்துப் போட்டவர் மேல் கோர்ட்டுக்கு அவ்வளவாக இரக்கம் வராது, அதுவும் இரண்டு மொழி தெரியும் என்றுதான் உங்களைச் சேர்த்தார்கள் என்று அவர்கள் பக்கம் சொல்லிவிடுவார்கள். உங்களுக்கு அந்த வாதம் தேவையும் இல்லை, படித்துப் பார்த்தே போட்டிருந்தாலும் மற்றவர்களைக் கட்டுப்படுத்தாது. ஆனால் இனிமேல் மினிட்ஸ் தமிழிலும் வேண்டும் என்று கேளுங்கள், பாதிக்கு மேல் தமிழ் ஆட்கள் இருக்கிற இடத்தில் இது கேட்கக் கூடாத கேள்வி இல்லை. லேபர் ஆபீஸ் மனுவைத் தமிழில் எழுதினாலும் கூடவே மலையாளத்தில் ஒரு பிரதி வைத்துவிடுங்கள், உரிமையைப் பேசிக்கொண்டு நிற்பதைவிடக் காரியம் வேகமாக நடக்கும்.

அரசியல் சட்டத்தைப் பற்றி மேனேஜர் சொன்னது பாதி உண்மை. 43ஏ பிரிவு 1976ல் 42ஆவது திருத்தத்தில் வந்தது, நிர்வாகத்தில் தொழிலாளர் பங்கேற்புக்கு அரசு வழிசெய்ய வேண்டும் என்கிறது. அது அரசுக்கான வழிகாட்டு நெறி, அதைக் காட்டி யாரும் கோர்ட்டில் நேராக உரிமை கேட்க முடியாது. அதற்கு முன்னால் 1975ல் ஐந்நூறு பேரோ அதற்கு மேலோ உள்ள ஆலைகளுக்கு, பிரிவு அளவில் ஷாப் கவுன்சில், ஆலை அளவில் ஜாயின்ட் கவுன்சில் என்று ஒரு திட்டம் அறிவித்தார்கள், 1990ல் ராஜ்யசபாவில் ஒரு மசோதாவே கொண்டுவந்தார்கள், அது சட்டமாகவில்லை. ஆனால் 1983ல் சென்னை உயர் நீதிமன்றத்தில் இருந்து போன தேசிய பஞ்சாலைத் தொழிலாளர் சங்க வழக்கில், கம்பெனியைக் கலைக்கும் மனுவில் தொழிலாளர் பேச்சையும் கேட்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னபோது இந்த 43ஏ கைகொடுத்தது. தொழிலாளர் பேசுவதற்குத்தான் அங்கே அதைப் பயன்படுத்தினார்கள். உங்கள் மேனேஜர் வாயை அடைக்கப் பயன்படுத்துகிறார்.

பங்கேற்பு என்று பேசினால் எனக்கு மூணாறுதான் நினைவுக்கு வரும். அங்கே கண்ணன் தேவன் தேயிலை எஸ்டேட்டுகள் 2005ல் தொழிலாளர்களும் பங்கு வைத்திருக்கும் கம்பெனியாக மாறின, பெரும் பங்கு ஊழியர் கையில். கேட்க எவ்வளவு நன்றாக இருக்கிறது! ஆனால் 2015 செப்டம்பரில் போனஸைக் குறைத்தபோது நம் தமிழ்ப் பெண்கள்தான் ஆயிரக்கணக்கில் ரோட்டில் உட்கார்ந்தார்கள், யூனியன் தலைவர்களையும் கிட்டே வரவிடாமல், 'பெம்பிளை ஒருமை' (பெண்கள் ஒற்றுமை) என்று பெயர் வைத்துக்கொண்டு. முடிவில் 8.33 சதம் போனஸ், 11.67 சதம் கருணைத்தொகை என்று இருபது சதம் வந்தது. பங்குப் பத்திரம் வாங்கித் தராததை அந்த ரோடு வாங்கித் தந்தது. உங்கள் யூனியன்காரர்களும் இதைக் கொஞ்சம் யோசிக்கட்டும். ஹெச்ஆர் கமிட்டிப் பட்டியலை ஒட்டிய அன்று அவர்கள் எங்கே போயிருந்தார்கள்? அன்று ஒரு ஆட்சேபக் கடிதம் கொடுத்திருந்தால் இன்று உங்களைக் கருங்காலி என்று சொல்ல வேண்டி வந்திருக்காது.

சரி, விலகுவதா வேண்டாமா. விலகினால் அந்த இடத்தில் தலையாட்டுகிற ஒருவரைப் போடுவார்கள். அதனால் இருங்கள், ஆனால் உடனே ஒரு கடிதம் கொடுங்கள்: நான் தேர்தலில் வந்தவன் இல்லை, தொழிலாளர் சார்பில் ஒப்பந்தம் செய்ய எனக்கு அதிகாரம் இல்லை, அந்தக் கையெழுத்தைக் கூட்டத்தில் கலந்துகொண்டதற்கான அடையாளமாக மட்டுமே கொள்ள வேண்டும், மினிட்ஸின் பிரதி வேண்டும், யூனியனைக் கலந்து முறைப்படி தேர்தல் வைக்க வேண்டும். பெற்றுக்கொண்டதாகச் சீல் வாங்குங்கள், தராவிட்டால் ரிஜிஸ்டர் தபால். அப்புறம் அந்தக் கடிதத்தைக் கேட் மீட்டிங்கில் நீங்களே வாசியுங்கள். ஆட்கள் உங்களோடு டீ குடிக்க வருவது அதற்குப் பிறகு தானாக நடக்கும்.

ஒரு எச்சரிக்கை. கமிட்டி மெம்பர் என்பதாலேயே உங்களுக்கு வேலைப் பாதுகாப்பு வந்துவிடாது. பாதுகாக்கப்பட்ட தொழிலாளி என்ற அந்தஸ்து யூனியன் பொறுப்பில் இருக்கிற, நிர்வாகம் அங்கீகரித்த சிலருக்குத்தான், நூற்றுக்கு ஒருவர் என்று கணக்கு, குறைந்தது ஐந்து பேர். அதனால் யாரையும் திட்டாமல், வேலையை நிறுத்தாமல், எல்லாவற்றையும் எழுத்தில் செய்யுங்கள். உங்கள் மேல் தனியாக நடவடிக்கை வந்தால் குறை தீர்க்கும் கமிட்டி உண்டா என்று கேளுங்கள், புதிய சட்டத்தொகுப்பில் இருபது பேர் இருந்தாலே அது கட்டாயம், சரிபாதி தொழிலாளர் பிரதிநிதிகளோடு.

ஆறு பேர் செய்ததை நான்கு பேர் செய்தால் ஃபவுண்டரியில் அது பாதுகாப்புப் பிரச்சினையும்தான். போபால் விஷவாயு விபத்துக்குப் பிறகு 1987ல் ஃபேக்டரி சட்டத்தைத் திருத்தியபோது வார்ப்புத் தொழிலை ஆபத்தான தொழில்களின் பட்டியலில் வைத்தார்கள், பாதுகாப்புக் கமிட்டியில் தொழிலாளருக்குச் சரிசமமான இடம் கொடுத்தார்கள். உயிருக்கு ஆபத்து என்று நியாயமாகத் தோன்றினால் நிர்வாகத்துக்கும் இன்ஸ்பெக்டருக்கும் சொல்லும் உரிமை இப்போதுள்ள தொழிற்பாதுகாப்புச் சட்டத்தொகுப்பிலும் (இது வேறு தொகுப்பு) இருக்கிறது. உருகிய இரும்பைத் தூக்கிக்கொண்டு போகும் பாதையில் ஆள் குறைந்ததால் என்ன நடந்தது, நடக்க இருந்தது என்று தேதி போட்டு எழுதி ஃபேக்டரீஸ் அண்ட் பாய்லர்ஸ் ஆபீசுக்கு அனுப்புங்கள்.

இனி திங்கட்கிழமை. பாதிப் பேரோ அதற்கு மேலோ ஒரே நாளில் சேர்ந்து லீவு போட்டால் புதிய தொழில் உறவுகள் சட்டத்தொகுப்பில் அதுவே ஸ்டிரைக். ஸ்டிரைக்குக் குறைந்தது 14 நாள் நோட்டீஸ் வேண்டும். முன்பு அந்தக் கட்டாயம் பொதுப் பயன்பாட்டுச் சேவைகளுக்கு மட்டும்தான் இருந்தது, இப்போது எல்லா ஆலைக்கும். நோட்டீஸ் இல்லாமல் போனால் சட்டவிரோதம், தொழிலாளிக்கு ஆயிரம் ரூபாயில் இருந்து பத்தாயிரம் வரை அபராதம் அல்லது ஒரு மாதம் வரை ஜெயில், இரண்டும் சேர்ந்தும் வரலாம். இப்போது தப்பு முழுக்க நிர்வாகத்தின் பக்கம் இருக்கிறது, அதை ஒரே நாளில் நம் பக்கம் மாற்றிக் கொடுக்க வேண்டாம்.

அதற்குப் பதில் யூனியன் பெயரில் ஜில்லா லேபர் ஆபீசரிடம் தகராறு மனு போகட்டும், நோட்டீஸ் இல்லாத மாற்றம் என்று. சமரசப் பேச்சு தொடங்கிவிட்டால் அந்தத் தகராறு சம்பந்தமாக வேலை நிபந்தனைகளைத் தொழிலாளருக்குப் பாதகமாக மாற்ற நிர்வாகத்தால் முடியாது, நார்த் புரூக்கில் கம்பெனி மாட்டிக்கொண்டது அந்த இடத்தில்தான். தீராவிட்டால் பாலக்காட்டிலேயே தொழில் தீர்ப்பாயம் இருக்கிறது, திருவனந்தபுரம் வரை அலைய வேண்டாம்.

என்னைப் பார்க்க வரும்போது யூனியன் செயலாளரையும் கூட்டி வாருங்கள், உங்கள் இருவருக்கும் பேச்சு இருக்கிறதோ இல்லையோ. போர்டில் ஒட்டிய கமிட்டிப் பட்டியலின் போட்டோ, மாற்றத்துக்கு முன்னும் பின்னும் உள்ள ஷிஃப்ட் சார்ட், பஸ் எத்தனை வருடமாக ஓடியது என்று காட்டும் ஏதாவது ஒரு தாள், நிலையாணைப் புத்தகம், இவ்வளவும் வேண்டும். பஸ்ஸுக்குத் தாள் கிடைக்காவிட்டால் பழைய டிரைவர் பேச ஒத்துக்கொள்வாரா என்று விசாரித்து வையுங்கள்.