டூப்புக்கு முகம் எதற்கு?

கேள்வி: டூப் போடுகிறவர் நடிகராகிவிட்டால் அப்புறம் அடிபடுகிற வேலையை விட்டுவிடுவார்தானே? இரண்டையும் சேர்த்துச் செய்தவர் யாராவது உண்டா? (திண்டுக்கல் வாசகர்)

பதில்: ஜோயி பெல். 1978-இல் பிறந்த நியூசிலாந்துக்காரர், சின்ன வயதிலேயே ஜிம்னாஸ்டிக்ஸ். அப்பா டாக்டர். தலையில் அடிபட்டு வந்த ஒரு ஸ்டன்ட்காரருக்கு வைத்தியம் பார்த்துவிட்டு, அவருடைய போன் நம்பரை வாங்கிவந்து மகளிடம் கொடுத்தாராம். காயத்தைக் கண்ணால் பார்த்த பிறகும் மகளை அதே வேலைக்குக் கைகாட்டிய அப்பாவை என்னவென்று சொல்வது!

‘ஜீனா’ டிவி தொடரில் லூசி லாலெஸ்ஸுக்கு டூப். அப்புறம் டைரக்டர் டரான்டினோவின் ‘கில் பில்’லில் உமா தர்மனுக்கு. இரண்டாம் பாகத்தில் உமா குண்டடிபட்டு அப்படியே பின்பக்கமாகப் பறந்துபோய் விழுவாரே, அது பெல்தான். உடம்போடு கட்டிய ரோப்பைப் பின்னாலிருந்து வெடுக்கென்று இழுப்பார்கள். நமக்குக் கண் இமைக்கிற நேரம், அவருக்கு விலாவிலும் மணிக்கட்டிலும் அடி, ஆபரேஷன், மாதக்கணக்கில் வீட்டில் கிடக்க வேண்டியதாயிற்று.

அதே டரான்டினோதான் 2007-இல் ‘டெத் புரூஃப்’ படத்தில் அவரை ஜோயி என்ற சொந்தப் பெயரிலேயே நடிக்க வைத்தார். வெள்ளை நிற 1970 மாடல் டாட்ஜ் சேலஞ்சர் கார், அதன் இரண்டு பக்கக் கதவுகளிலும் ஒவ்வொரு பெல்ட்டை மாட்டி, அதைப் பிடித்துக்கொண்டு ஓடுகிற காரின் பானெட் மேல் மல்லாந்து கிடப்பார், வில்லன் கர்ட் ரஸ்ஸல் இன்னொரு காரில் வந்து இடித்துக்கொண்டே இருப்பார். டூப் வருகிற இடங்களில் தூரத்து ஷாட்டும் முதுகும் பறக்கிற முடியும்தான் நமக்குக் கிடைக்கும். இங்கே நடிகையும் டூப்பும் ஒரே ஆள் என்பதால் கேமரா தைரியமாக முகத்துக்கே போகிறது. இதில் வேடிக்கை, முகத்தை மறைத்து மறைத்தே பழகியவர் என்பதால் ஆரம்பத்தில் கேமராவைக் கண்டாலே தானாகத் திரும்பிக்கொண்டாராம். வசனம் பேசுவதில் அவர் பிரமாதம் என்று சொல்ல மாட்டேன், ஆனால் அந்த பானெட்டில் அவர் அலறுகிற அலறலை எந்த நடிப்புப் பள்ளியிலும் சொல்லித்தர முடியாது.

பழைய வேலையை விட்டாரா? 2019-இல் வந்த ‘ஒன்ஸ் அபான் எ டைம் இன் ஹாலிவுட்’ படத்தில் அவர்தான் ஸ்டன்ட் மாஸ்டர். கூடவே, கதையில் வருகிற ஸ்டன்ட் மாஸ்டரின் மனைவி வேஷமும். கணவர் யாரென்றால், சாட்சாத் கர்ட் ரஸ்ஸல்! சண்டையில் தன் கார் நசுங்கிப்போனதைப் பார்த்து பிராட் பிட் மேல் எரிந்து விழுவார் பாருங்கள், பன்னிரண்டு வருஷத்துக்கு முன்னால் காரோடு பட்ட பாடெல்லாம் சேர்ந்து வந்த கோபமோ என்று எனக்குச் சிரிப்பு.

கேள்வி: நம்மூரில் அப்படி யார்? (கும்பகோணம் வாசகி)

பதில்: பொன்னம்பலம். ஃபைட்டராக வந்தவர், ‘நாட்டாமை’யில் (1994) சரத்குமாரையே எதிர்த்து நின்றார். ஸ்டன்ட் மாஸ்டர் கனல் கண்ணனும் அவ்வப்போது முகம் காட்டுவார்.

கேள்வி: ஸ்டன்ட்டுக்கு ஆஸ்கர் உண்டா? (அதே வாசகி)

பதில்: இனிமேல் உண்டு. 2027-இல் வெளியாகும் படங்களுக்கு, 2028-இல் நடக்கும் 100-வது விழாவில் முதல் விருது. நம் தேசிய விருதில் 2017-லேயே சேர்த்துவிட்டார்கள், முதலில் வாங்கியவர் ‘புலிமுருக’னுக்காக பீட்டர் ஹெய்ன். ஆஸ்கர் அறிவிப்பு வந்தது 2025 ஏப்ரலில். ‘டபுள் டேர்’ என்ற ஆவணப்படத்தில் ஜோயி பெல்லோடு ஒரு மூத்த அம்மாள் வருவார், ஜீனி எப்பர், டிவி ‘வொண்டர் வுமன்’ லிண்டா கார்ட்டருக்கு டூப் போட்டவர். அவர் 2024-இலேயே போய்ச் சேர்ந்துவிட்டார்.