உத்திரத்தோடு காணாமல் போன மேஸ்திரி

கேள்வி: கும்பகோணத்தில் என் மனைவி பெயரில் ஒரு பழைய நாட்டு ஓட்டு வீடு வாங்கினோம். முற்றத்தையும் தாழ்வாரத்தையும் அப்படியே வைத்துப் புதுப்பிக்க 14 லட்சம் பேசி, இதுவரை 9 லட்சம் கொடுத்தாயிற்று. 5 லட்சம் ஜிபேயில், மிச்சம் ரொக்கம். ஓட்டைப் பிரித்துத் தேக்கு உத்திரங்களை இறக்கிய மேஸ்திரி இரண்டு மாதமாக வரவில்லை, உத்திரங்களையும் காணோம். மழையில் பொதுச்சுவர் ஊறி விரிசல் விட்டு, பக்கத்து வீட்டுக்காரர் நோட்டீஸ் விடுவேன் என்கிறார். கையில் ஒரு கொட்டேஷன் தாள்தான் இருக்கிறது. போலீஸில் ‘சிவில் மேட்டர்’ என்று அனுப்பிவிட்டார்கள். விட்டுத்தொலைத்து வேறு ஆளை வைப்போம் என்கிறார் மனைவி.

பதில்: வேறு ஆளை வைக்கத்தான் வேண்டும், ஆனால் நாளைக்கே இல்லை. புது மேஸ்திரி கை வைத்த நிமிடமே பழைய ஆள் எதுவரை செய்தார், எதைக் கெடுத்தார் என்பதற்கான சாட்சியம் பூச்சுக்குள் போய்விடும். எத்தனையோ வழக்கு இப்படித்தான் வீணாகியிருக்கிறது.

இன்றைக்கே பொதுச்சுவருக்கு மேல் தார்ப்பாய் போடுங்கள். பக்கத்து வீட்டுக்காரர் நோட்டீஸ் விட்டால் அது மேஸ்திரிக்கு வராது, உங்கள் மனைவிக்குத்தான் வரும். விரிசல் மேல் ஒரு ஸ்கேலை வைத்துப் படம் எடுங்கள், முடிந்தால் அவரையும் பக்கத்தில் வைத்துக்கொண்டே. அப்புறம் மேஸ்திரிக்கு ஸ்பீடு போஸ்ட்டில் ஒரு கடிதம்: இன்ன தேதியில் இன்ஜினியர் வந்து அளக்கப்போகிறார், வந்து பாருங்கள், 15 நாளில் வேலையைத் தொடராவிட்டால் வேறு ஆளிடம் கொடுத்து அந்தச் செலவை உங்களிடம் கேட்போம். அவர் வரமாட்டார். பரவாயில்லை, கூப்பிட்டோம் என்பது பதிவானால் போதும். அளக்க வருபவர் உரிமம் பெற்ற சிவில் இன்ஜினியராக இருக்கட்டும். நடந்த வேலையின் மதிப்பு, முடிக்க ஆகும் செலவு இரண்டையும் தனித்தனியாக எழுதிக் கையெழுத்துப் போடச் சொல்லுங்கள்.

ஒப்பந்தம் எழுதவில்லையே என்று ரொம்பக் கவலைப்படாதீர்கள், வாய்மொழி ஒப்பந்தமும் செல்லும். கொட்டேஷன், ஜிபே கணக்கு, வாட்ஸ்அப் பேச்சு எல்லாம் சேர்ந்து அதை நிரூபிக்கும். வாட்ஸ்அப்பை அழித்துவிடாதீர்கள், போனையும் மாற்றாதீர்கள். அதைத் தாக்கல் செய்யும்போது பாரதிய சாட்சிய சட்டம் 63-ஆம் பிரிவின்படி, மின்னணுப் பதிவுக்கான ஒரு சான்று இணைக்க வேண்டும். ரொக்கம் 4 லட்சம்தான் இடிக்கிறது. சனிக்கிழமை கூலி கொடுக்கும்போது நோட்டில் கையெழுத்து வாங்கினீர்களா? அந்த நோட்டு இருந்தால் பாதி வழக்கு முடிந்தது. இல்லாவிட்டால் வங்கியில் பணம் எடுத்த தேதிகளையும் அந்த வார வாட்ஸ்அப்பையும் பொருத்திக் காட்ட வேண்டியதுதான்.

வழக்கை மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் போடுங்கள். வீடு கட்டுவது நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2019-இன்படி ஒரு ‘சேவை’, பாதியில் விட்டுப் போவது சேவைக் குறைபாடு. நீங்கள் கொடுத்த தொகை 5 லட்சத்துக்கு மேல், 10 லட்சத்துக்குள் என்பதால் கட்டணம் 200 ரூபாய். வக்கீல் இல்லாமலும் நடத்தலாம் (நான் இதைச் சொல்லக் கூடாதுதான்). காலக்கெடு இரண்டு வருடம். வீடு மனைவி பெயரில், பணம் போனது உங்கள் கணக்கிலிருந்து. ஆகவே இருவருமே மனுதாரராக இருங்கள், இல்லாவிட்டால் எதிர்த்தரப்பு முதலில் அதைத்தான் பிடிக்கும்.

போலீஸ் சொன்னது பாதி சரி. வேலையை முடிக்காதது மட்டும் மோசடி ஆகாது, ஆரம்பத்திலேயே ஏமாற்றும் எண்ணம் இருந்ததைக் காட்ட வேண்டும். ஆனால் தேக்கு உத்திரம் வேறு கதை. அது உங்கள் சொத்து. நம்பி விட்டதை அவர் எடுத்து விற்றிருந்தால் அது நம்பிக்கை மோசடி, பாரதிய நியாய சன்ஹிதா (ஐ.பி.சி.க்குப் பதிலாக வந்த குற்றவியல் சட்டம்) 316-ஆம் பிரிவு. பணத்தைப் பற்றிப் பேசாமல் மரத்துக்கு மட்டும் தனியாக ஒரு புகார் எழுதி, சி.எஸ்.ஆர். ரசீது (புகாரைப் பெற்றதற்குப் போலீஸ் தரும் சீட்டு) கேட்டு வாங்குங்கள். எத்தனை உத்திரம், எவ்வளவு நீளம் என்று புகாரில் இருக்க வேண்டும். வீடு பார்க்கப் போன அன்று கூரையைப் படமோ வீடியோவோ எடுத்திருப்பீர்களே, அதைத் தேடுங்கள்.