அம்மை போன பிறகும் கூழ்

அன்புள்ள ஐயா,

தென்னாப்பிரிக்காவில் டர்பன் பக்கம் பீனிக்ஸில் இருக்கிறேன். வயது 31, பொறியாளர். ஜெர்மன் தத்துவவாதி நீட்சேயைப் படித்தபின் இரண்டு வருடமாகச் சாமி நம்பிக்கை போய்விட்டது. கடவுள் இறந்துவிட்டார் என்பது புரிகிறது, ஆனால் உள்ளே ஒரு வெறுமை. எல்லாவற்றையும் அறிவியல் விளக்கிவிட்ட பிறகு மாரியம்மனுக்கு என்ன வேலை? ஆடிக் கூழுக்கு அம்மா கூப்பிடுகிறார். நம்பிக்கை இல்லை என்று அவரிடம் சொல்லிவிடலாமா?

ஒரு வாசகர்

அன்புள்ள தம்பி,

நீட்சேயை ஓரமாக வைப்போம். 1882ல் அவர் எழுதிய அந்தப் பைத்தியக்காரன் பட்டப்பகலில் லாந்தரோடு சந்தைக்கு வருகிறானே, அவனைப் பார்த்துச் சிரிப்பவர்கள் யார்? ஏற்கெனவே சாமி நம்பிக்கை இல்லாதவர்கள். அவன் திட்டுவதும் அவர்களைத்தான். அந்தப் பக்கத்தை மறுபடி படியுங்கள். வெறுமையைப் பற்றி 31 வயதில் பேசாதீர்கள், எனக்குச் சிரிப்பு வருகிறது.

ஆனால் 'மாரியம்மனுக்கு என்ன வேலை' என்ற வரி என்னைத் தூங்கவிடவில்லை. இதே கேள்வியை நானும் கேட்டவன். 1980ல் பெரியம்மை உலகத்தை விட்டே ஒழிந்தது என்று உலக சுகாதார நிறுவனம் அறிவித்தது. அதைப் பேப்பரில் படித்தது நினைவுக்கு வந்து, அந்த ஆடியில் அடுப்படிக்குப் போய், "ஆயா, உன் மாரியம்மாவுக்கு வேலை போச்சு" என்றேன். ஆயா கூழைக் கிண்டுவதை நிறுத்தவில்லை. "பாவம், இனிமேயாவது ஒக்காந்து கூழு குடிக்கட்டும்" என்றார்.

அம்மை ஏன் வருகிறது என்பதற்கு விளக்கமாகத்தான் அம்மன் இருந்தாள் என்றால் கூழ் அந்த வருடமே நின்றிருக்க வேண்டும். நிற்கவில்லை. தமிழ் தெரியாத பேரப்பிள்ளைகள்கூட 'பாரிட்ஜ் பிரேயர்' (கூழ் வழிபாடு) என்று சொல்லிக்கொண்டு வந்து நிற்கிறார்கள்.

ஆயா வைத்தது மீலிமீல் கூழ், அதாவது மக்காச்சோள மாவுக் கூழ். கட்டிய வேப்பிலையும் வேப்பிலை இல்லை. எங்கள் பக்கம் வேம்பு கிடையாது, சிரிங்கா மரம்தான், வேம்புக்கு ஒன்றுவிட்ட தம்பி. ஆடி இங்கே குளிர்காலம். சிரிங்கா இலை உதிர்த்து மஞ்சள் காய்களோடு நிற்கும், மிச்சமிருக்கும் நாலு கொத்துக்காக நான் மரமேறுவேன். இனவாரியாகக் குடியிருப்பைப் பிரித்த 1950ஆம் ஆண்டுச் சட்டத்தால் எங்களை டர்பனின் கேட்டோ மேனர் பகுதியிலிருந்து பெயர்த்து சாட்ஸ்வொர்த் குடியிருப்பில் போட்டபோது, புது வீட்டுப் பக்கம் ஆயா முதலில் தேடியது அந்த மரத்தைத்தான். பள்ளிக்கூடத் திமிரில் ஒருமுறை, "இது வேப்பிலையே இல்ல ஆயா" என்றேன். "அவளுக்குத் தெரியாதா?" என்றார்.

போன ஆடியில் ஒரு கோயிலில் மைக் பிடித்த ஒருவர் விளக்கினார்: வேப்பிலை கிருமிநாசினி, மஞ்சள் கிருமிநாசினி, கூழ் உடல் சூட்டைத் தணிக்கும், நம் முன்னோர் விஞ்ஞானிகள். ஜூலைக் குளிரில் ஸ்வெட்டர் போட்டு நின்ற கூட்டம் கைதட்டியது. எந்தச் சூடு ஐயா? அவர் கணக்குப்படி என் ஆயா ஆயுசு முழுக்கத் தப்பான இலையைக் கட்டியிருக்கிறார். கிருமிதான் சாகவேண்டும் என்றால் கடையில் டெட்டால் இருக்கிறதே, அதை வாங்கி வாசலில் தெளித்துவிட்டு வீட்டுக்குப் போகலாமே. 1917ல் ஜெர்மன் சமூகவியலாளர் மாக்ஸ் வேபர் மியூனிக்கில் மாணவர்களிடம் சொன்னது இதைத்தான்: எதையும் கணக்குப் போட்டு வசப்படுத்திவிடலாம் என்று நம்பத் தொடங்கினாலே போதும், உலகத்தை விட்டு மாயம் போய்விடும். அந்த வேலையை உங்களைப் போன்ற படித்த பிள்ளைகள் செய்வார்கள் என்று பயந்துகொண்டிருந்தேன். விபூதி பூசியவரே மைக்கில் செய்கிறார். நீங்களாவது வாசலில் தயங்கி நிற்கிறீர்கள், அவருக்குத் தயக்கமே இல்லை.

சரி, உங்கள் கேள்வி. அம்மாவிடம் சொல்லலாமா என்றுதானே? சொல்லுங்கள். இரண்டு வருடமாகவே அவருக்குத் தெரிந்திருக்கும். கூழ்ப் பானையை இறக்க ஆள் வேண்டும், அதற்குத்தான் கூப்பிடுகிறார்.