ஐகன் போய்விட்டது, இடம் ஏன் வரவில்லை?

வெள்ளவத்தையிலிருந்து ஒரு தாய் கேட்டிருக்கிறார்: "என்னுடையது 64 ஜிபி அன்ட்ரொயிட் போன். சாதாரண தரப் பரீட்சைக்குப் படிக்கும் மகனும் அதைத்தான் பாவிக்கிறான். டியூஷன் டீச்சர் வட்ஸ்அப்பில் போடும் பாடக்குறிப்பு இறங்குவதில்லை, இடம் போதாது என்று வருகிறது. விளையாடாத கேம்கள் ஏழெட்டை நானே அழித்துப் பார்த்தேன். அப்படியும் இடம் வரவில்லை. மகனிடம் இன்னும் சொல்லவில்லை. மற்றக் கேம்களையும் அழித்தால் அவனுடைய லெவல் எல்லாம் போய்விடுமா? கடையில் கேட்டால் புதுப் போன் வாங்குங்கள் என்கிறார்கள். அக்காவின் ஐபோனிலும் இதே பிரச்சினை."

புதுப் போன் வாங்கத் தேவையில்லை. 64 ஜிபி போனில் ஒரு பிள்ளையின் படிப்புக்கும் ஒரு வீட்டின் வட்ஸ்அப்புக்கும் இடம் இருக்கிறது.

நீங்கள் எப்படி அழித்தீர்கள் என்று எழுதவில்லை. ஐகனை அழுத்திப் பிடித்து, மேலே 'ரிமூவ்' என்று வந்த இடத்துக்கு இழுத்து விட்டிருப்பீர்கள் என்று நினைக்கிறேன். என்னிடம் போனைக் கொண்டுவருகிறவர்களில் நிறையப் பேர் செய்வது அதுதான். 'ரிமூவ்' அந்தப் படத்தை முகப்பிலிருந்து எடுக்கும், அவ்வளவுதான். வாசலில் இருக்கும் பெயர்ப்பலகையைக் கழற்றினால் வீட்டில் இருப்பவர் வெளியேறிவிடுவாரா? கேம் உள்ளேயே இருக்கிறது. பக்கத்திலேயே 'அன்இன்ஸ்டோல்' என்று இன்னொன்று வரும். அதில் விட்டால்தான் கேம் உண்மையாகப் போகும். முகப்பில் விரலைக் கீழிருந்து மேலே தள்ளுங்கள், எல்லா ஆப்களும் வரும். அங்கே தேடும் பெட்டியில் நீங்கள் 'அழித்த' கேமின் பெயரைப் போடுங்கள். பெரும்பாலும் அது சிரித்துக்கொண்டு வந்து நிற்கும்.

மொத்தமாக அழிக்க வசதியான இடம் பிளே ஸ்டோர். மேலே வலப்பக்கம் உங்கள் படம் இருக்கும் வட்டத்தைத் தொட்டு, 'மேனேஜ் ஆப்ஸ் அன்ட் டிவைஸ்', அதற்குள் 'மேனேஜ்'. எதை எத்தனை காலமாகத் தொடவில்லை என்று வரிசைப்படுத்தவும் அங்கே வழி உண்டு. வேண்டாதவற்றுக்குப் பக்கத்தில் சரி அடையாளம் போட்டு, மேலே உள்ள குப்பைத்தொட்டிப் படத்தைத் தொட்டால் எல்லாம் ஒரே தடவையில் போகும்.

ஆனால் கை வைக்க முன்னர் கணக்கைப் பாருங்கள். போன மாதம் பம்பலப்பிட்டிப் பக்கமிருந்து ஒரு தம்பி வந்தான். பதினொரு சின்னக் கேம்களை அழித்திருந்தான். பபிள் உடைப்பது, கார் நிறுத்துவது, லூடோ, இப்படி. எல்லாம் சேர்ந்து ஒரு ஜிபி கூடக் கிடைக்கவில்லை. போனை மேசையில் வைத்து, செட்டிங்ஸில் ஸ்டோரேஜுக்குள் போய், அவன் நாலு மாதமாகத் திறக்காத ஒரு சுடும் கேமைத் தொட்டேன். 'ஆப் சைஸ்' ஒரு ஜிபிக்குக் கொஞ்சம் மேல். அதற்குக் கீழே 'யூசர் டேட்டா' நாலு ஜிபியைத் தாண்டியிருந்தது. அவனுக்கு நம்பவே முடியவில்லை. "இறக்கும்போது இவ்வளவு இல்லையே அண்ணா" என்றான்.

அவன் சொன்னது சரிதான். பெரிய கேம்கள் பிளே ஸ்டோரிலிருந்து வரும்போது கொஞ்சமாகத்தான் வரும். திறந்த பிறகுதான் மெப், உடுப்பு, சத்தம், புது சீசன் என்று உள்ளுக்குள்ளேயே இறக்கிக்கொண்டு போகும். அதெல்லாம் யூசர் டேட்டா கணக்கில் ஏறும். ஆகவே இறக்கிய நாளில் பார்த்த அளவை நம்பாதீர்கள். செட்டிங்ஸ், ஸ்டோரேஜ், ஆப்ஸ் என்று போய், கேமைத் தொட்டு 'டோட்டல்' என்ன என்று பாருங்கள். சில போன்களில் கேம்களுக்கென்றே தனிப் பட்டியல் உண்டு. பத்துச் சின்னக் கேம்களோடு மல்லுக்கட்டுவதைவிட ஒரு பெரிய கேமை எடுப்பது மேல்.

இனி மகனின் லெவல். உங்கள் கடிதத்தில் என்னை உறுத்தியது இதுதான், ஏனென்றால் இந்த இடத்தில் நானே ஒரு பிழை விட்டிருக்கிறேன். சில வருடங்களுக்கு முன் ஒரு தகப்பனார் தன் மகளின் டெப்பை என்னிடம் தந்து, "இதில் இருக்கிற கேமையெல்லாம் எடுத்துவிடுங்கோ" என்றார். எடுத்துவிட்டேன். இரண்டு நாள் கழித்து அந்தப் பிள்ளையும் கூடவே வந்தது. பத்து வயது இருக்கும். மிட்டாய் உடைக்கும் கேம் ஒன்றைத் திரும்ப இறக்கிப் பார்த்திருக்கிறது, முதலாம் லெவலில் நிற்கிறது. "அங்கிள், என்ட லெவல் எங்க?" என்று கேட்டது. அறுநூற்றுச் சொச்சம் லெவல், அம்மம்மாவோடு சேர்ந்து விளையாடி வந்ததாம். அம்மம்மா அந்த வருடம்தான் காலமாகியிருந்தார். என்னால் ஒன்றும் செய்ய முடியவில்லை. அழிக்க முன்னர் ஐந்து நிமிடம் பார்த்திருந்தால் அது போயிருக்காது.

விஷயம் இதுதான். கேமின் முன்னேற்றம் இரண்டு இடங்களில் ஒன்றில் இருக்கும். கேம் கம்பனியின் சேர்வரிலோ கூகுள் கணக்கிலோ இருந்தால், போனில் கேமை அழித்தாலும் அது அங்கே பத்திரமாக இருக்கும். எப்போது திரும்ப இறக்கி அதே கணக்கால் உள்ளே போனாலும் விட்ட இடத்தில் நிற்கலாம். போனுக்குள் மட்டும் இருந்தால், கேமோடு அதுவும் போகும். இரண்டாவது வகையில் மாட்டிக்கொள்பவர்கள் பெரும்பாலும் எந்தக் கணக்கும் போடாமல் 'கெஸ்ட்' என்று உள்ளே போனவர்கள். பிள்ளைகள் அவசரத்தில் அதைத்தான் தொடுவார்கள், அதில் கடவுச்சொல் கேட்காது.

கண்டுபிடிப்பது சுலபம். கேமைத் திறந்து அதன் செட்டிங்ஸுக்குள் போங்கள். 'அக்கவுன்ட்', 'லிங்க்', 'பைன்ட்', 'கனெக்ட்', 'சேவ் புரோகிரஸ்' என்று ஏதாவது ஒரு சொல் இருக்கும். ஃப்ரீ ஃபயரில் கெஸ்ட் கணக்கைக் கூகுள், பேஸ்புக் போன்ற ஒரு கணக்கோடு இணைக்கலாம். கேண்டி கிரஷ்ஷில் அந்தக் கம்பனியின் சொந்தக் கணக்கை உண்டாக்கி இணைக்கலாம். இணைத்த பிறகு எந்தக் கணக்கு, எந்த மின்னஞ்சல் என்று ஒரு கொப்பியில் எழுதி வையுங்கள். திரையில் தெரியும் ஐடி இலக்கத்தையும் ஒரு படம் எடுத்து வைத்தால் நல்லது. கூகுளின் 'பிளே கேம்ஸ்' ஆப்பில் உங்கள் பெயர் தெரிகிறது என்பதற்காக எல்லாக் கேமும் அங்கே சேமிக்கப்படுகிறது என்று எண்ண வேண்டாம். ஒவ்வொரு கேமும் தனித்தனியாக அந்த வசதியைச் சேர்த்திருந்தால்தான் உண்டு. இணைய இணைப்பே இல்லாமல் விளையாடும் சின்னக் கேம்கள் பலவற்றில் அது இருக்காது.

காசு கொடுத்து வாங்கிய கேமை அழித்தாலும் அதன் உரிமை உங்கள் கூகுள் கணக்கில் இருக்கும், திரும்ப வாங்கத் தேவையில்லை. கேமுக்குள் வாங்கிய டயமண்ட், உடுப்பு எல்லாம் அந்தக் கேமின் கணக்கில் இருப்பவை. கெஸ்ட்டாக இருந்து வாங்கியிருந்தால் கட்டாயம் முதலில் இணையுங்கள்.

இதையெல்லாம் மகனுக்குத் தெரியாமல் செய்யாதீர்கள் என்று மனமாரக் கேட்கிறேன். பதினாறு வயதுப் பிள்ளைக்கு ஒரு கேமின் கணக்கு என்பது இரண்டு மூன்று வருடக் கூட்டாளிகளோடு சேர்ந்த விஷயம். பக்கத்தில் உட்கார வைத்து, பட்டியலைக் காட்டி, "இதில் எது தேவை?" என்று கேட்டால் நீங்கள் எதிர்பார்ப்பதைவிட அதிகமாக அவனே எடுப்பான். நான் பார்த்தவரையில் அப்படித்தான் நடக்கிறது.

அவன் பக்கத்தில் இருக்க வேண்டியதற்கு வேறொரு காரணமும் உண்டு. கேமை ஒழுங்காக அன்இன்ஸ்டோல் செய்தும் இடம் வரவில்லையென்றால், கேமைச் சுற்றிச் சேர்ந்தவை எங்கே என்று அவனுக்குத்தான் தெரியும். முதலாவது ஸ்கிரீன் ரெக்கோர்டிங். நன்றாக விளையாடிய ஆட்டத்தைப் பிள்ளைகள் வீடியோவாகப் பிடித்து வைப்பார்கள். அரை மணி நேர வீடியோ ஒரு ஜிபியைத் தாண்டிவிடும். அது கேலரியில் தனி ஆல்பமாக இருக்கும், கேமை அழித்தாலும் அசையாது. அடுத்தது, பிளே ஸ்டோர் அல்லாமல் வெளியிலிருந்து எடுத்த கேம். கூட்டாளியிடமிருந்து பகிர்ந்து வாங்கியிருந்தால், கேமைப் போனில் ஏற்றிய ஏபிகே கோப்பும் அதோடு சுருக்கிக் கட்டி வந்த பெரிய ஸிப் (zip) கோப்பும் 'டவுன்லோட்ஸ்' ஃபோல்டரிலோ பகிரும் ஆப்பின் ஃபோல்டரிலோ அப்படியே கிடக்கும். கேம் ஒரு தடவை, அதன் பொதி ஒரு தடவை என்று இரட்டை இடம் பிடித்திருக்கும். இப்படி வாங்குவதை நிறுத்தச் சொல்லுங்கள். இடத்துக்காக மட்டுமல்ல, அந்தக் கோப்புகளுக்குள் வேறு என்ன வருகிறது என்று யாருக்கும் தெரியாது.

வீடியோக்களை அழித்த பிறகு கேலரியின் குப்பைத்தொட்டியையும் காலி செய்ய வேண்டும். இல்லாவிட்டால் இன்னும் ஒரு மாதம் அங்கேயே இடம் பிடித்துக்கொண்டிருக்கும்.

அப்புறம், செட்டிங்ஸில் கேமைத் தொட்டால் வரும் ஆப் விபரப் பக்கத்தில் இரண்டு பொத்தான்கள் இருக்கும். 'கிளியர் கேஷ்' தற்காலிகக் கோப்புகளை மட்டும் எடுக்கும், பயமில்லை. ஆனால் சில நாளில் திரும்பச் சேர்ந்துவிடும். 'கிளியர் ஸ்டோரேஜ்' அல்லது 'கிளியர் டேட்டா' என்பது கேமைப் புதிதாக இறக்கிய நிலைக்குக் கொண்டுபோகும். கெஸ்ட் கணக்கு இருந்தால் அதோடு சரி. பெயர் ஒன்றுபோலத் தெரிவதால் பலர் மாறித் தொட்டுவிடுகிறார்கள். மெமரி சுத்தம் செய்யும் ஆப் என்று விளம்பரத்தில் வருபவை வேண்டவே வேண்டாம். இடமில்லாத போனில் அதுவும் ஓர் ஆப், அதன் விளம்பரங்கள் வேறு.

மகன் "பரீட்சை முடிய விளையாடுவேன்" என்று சொல்லும் கேமுக்கு ஒரு நடுவழி உண்டு. அன்ட்ரொயிட் 15 உள்ள போன்களில் ஆப் விபரப் பக்கத்தில் 'ஆர்கைவ்' என்ற பொத்தான் இருக்கும். பழைய போன்களில் பிளே ஸ்டோரின் செட்டிங்ஸில், இடம் குறையும்போது தானாக ஆர்கைவ் செய்யும் வசதி 2023இலிருந்து உள்ளது. ஆப்பை எடுத்துவிட்டு, உங்கள் டேட்டாவை வைத்திருக்கும். ஐகனில் ஒரு மேகப் படம் தெரியும், தொட்டால் திரும்ப இறங்கும். டேட்டாதான் பெரிது என்றால் இதில் அதிகம் இடம் வராது. அந்த நாலு ஜிபிக்காரனுக்கு இது சரிவராது. சின்ன ஓஃப்லைன் கேம்களுக்கு இது நல்ல வழி.

அக்காவின் ஐபோனில் செட்டிங்ஸ், ஜெனரல், ஐபோன் ஸ்டோரேஜ். பெரியதிலிருந்து சின்னதாக வரிசையாக வரும், கடைசியாக எப்போது பாவித்தது என்றும் கீழே இருக்கும். ஒன்றைத் தொட்டால் 'ஓஃப்லோட் ஆப்' என்றும் 'டிலீட் ஆப்' என்றும் இரண்டு. முன்னது டேட்டாவை வைத்துக்கொண்டு ஆப்பை மட்டும் எடுக்கும், பின்னது எல்லாவற்றையும் எடுக்கும். முகப்பில் ஐகனை அழுத்திப் பிடித்தால் வரும் 'ரிமூவ் ஃப்ரம் ஹோம் ஸ்கிரீன்' அங்கேயும் பெயர்ப்பலகையை மட்டும்தான் கழற்றும்.

போனோடு கூடவே வந்த கேம்கள் சிலவற்றுக்கு அன்இன்ஸ்டோல் இருக்காது, 'டிஸேபிள்' மட்டும் இருக்கும். அதைச் செய்யலாம். அப்டேட்டுக்கும் டேட்டாவுக்கும் பிடித்த இடம் வரும், அடிப்படைக் கேமின் இடம் வராது.

காசு விஷயம் ஒன்று. கேமை அழித்தால் அதன் மாதச் சந்தா நிற்காது. பிளே ஸ்டோரில் அதே வட்டத்தைத் தொட்டு, 'பேமன்ட்ஸ் அன்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ்' போய்த் தனியாக நிறுத்த வேண்டும். ரீலோட் காசில் நாளாந்தம் வெட்டும் கேம் சேவை எதிலாவது மகன் சேர்ந்திருந்தால் அது பிளே ஸ்டோரிலும் தெரியாது. உங்கள் சிம் கம்பனியின் ஆப்பில் பாருங்கள், அல்லது அவர்களுக்கு அழைத்து, இந்த இலக்கத்தில் என்னென்ன சேவை ஓடுகிறது என்று கேட்டு நிறுத்துங்கள்.

எவ்வளவு இடம் வெறுமையாக இருக்க வேண்டும்? மொத்தத்தில் பத்தில் ஒரு பங்காவது, உங்கள் போனில் ஆறேழு ஜிபி. போனின் மெமரி எழுதியதன் மேலேயே திரும்ப எழுதாது. ஒரு பகுதியை முழுதாக அழித்துவிட்டுத்தான் புதிதாக எழுதும், அதற்கு நகர்த்தி வைக்க வெற்றிடம் வேண்டும். கொழும்பு அனெக்ஸ் ஒன்றின் குசினியை நினைத்துப் பாருங்கள். மேசையில் ஒரு சட்டி வைக்க இன்னொரு சட்டியை எங்காவது தூக்கி வைக்க வேண்டும். எங்கும் இடமில்லையென்றால் ஒரு தேத்தண்ணி ஊற்றவே பத்து நிமிடம் போகும். நிறைந்த போன் மெதுவாவதும் இதனால்தான்.

கேம்களை எடுத்தும் ஆறு ஜிபி வராவிட்டால், வட்ஸ்அப்பின் செட்டிங்ஸில் 'ஸ்டோரேஜ் அன்ட் டேட்டா', அதற்குள் 'மேனேஜ் ஸ்டோரேஜ்'. எந்தக் குழுவில் எவ்வளவு சேர்ந்திருக்கிறது என்று காட்டும். டீச்சரின் குழுவை மட்டும் தொடாமல், காலை வணக்க வீடியோ வரும் குடும்பக் குழுவிலிருந்து தொடங்குங்கள்.

பரீட்சை முடிந்து மகன் அந்தப் பெரிய கேமைத் திரும்பக் கேட்டால், டேட்டா கார்டில் இறக்க விடாதீர்கள். நாலைந்து ஜிபி ஒரே இருப்பில் போய்விடும். வீட்டு வைஃபையில், இரவு நேர டேட்டா தனியாக உள்ள பெக்கேஜ் என்றால் அந்த நேரத்தில், போனைச் சார்ஜில் போட்டுவிட்டு இறக்கச் சொல்லுங்கள்.